லாரிக்கு அடியில் மியூ இல்லை

"மாப்ள, கப்பல் நிக்கிற ஊர்ல ஓரமா ஒரு லாரி கெடக்கும். அதத் தள்ளுனா அடியில மியூ இருக்குமாம்டா." உயிரிகளைப் பிடித்துச் சண்டை போட வைக்கும் போகிமான் வீடியோ கேமை விளையாடி வளர்ந்த மதுரைப் பையன்களில் இதைக் கேள்விப்படாதவர்கள் குறைவு. மியூ அதில் எளிதில் கிடைக்காத ஓர் உயிரி. சொல்கிறவன் தானே பார்த்ததாகச் சொல்ல மாட்டான். பெரியப்பா பையன் பார்த்தான், டியூஷனில் கூடப் படிக்கிறவனுடைய அண்ணன் பார்த்தான் என்றுதான் சொல்வான். தொண்ணூறுகளின் கடைசியில் அமெரிக்கப் பள்ளிக்கூடங்களில் சுற்றிய அதே கதை, சில வருடங்கள் கழித்து, கேம் பாய் விளையாட்டைக் கணினியில் ஓட்டும் எமுலேட்டர் வழியாக நம் ஊர் பிரவுசிங் சென்டர்களுக்கும் வந்து சேர்ந்தது.

லாரி என்னவோ உண்மையிலேயே அங்கே நிற்கிறது. வெர்மிலியன் நகரத் துறைமுகத்தில், எஸ்.எஸ். ஆன் கப்பலுக்குப் பக்கத்தில், தண்ணீரில் போனால் மட்டும் எட்டக்கூடிய ஒரு மூலை. வழக்கம்போல விளையாடினால், தண்ணீரில் போக உதவும் ‘சர்ஃப்’ கைக்கு வருவதற்கு முன்பே கப்பல் கிளம்பிவிடும். அப்புறம் துறைமுகத்துக்குள் போகவே முடியாது. கப்பலில் ‘கட்’ என்ற வித்தையை வாங்கிய கையோடு வேண்டுமென்றே ஒரு சண்டையில் தோற்றுவிட்டால், கப்பலை விட்டு வெளியே வந்துவிடுவோம், கப்பலும் கிளம்பாது. சர்ஃப் கிடைத்ததும் திரும்பி வரலாம். இத்தனை பாடுபட்டுப் போய்ச் சேருகிற இடத்தில் தன்னந்தனியாக ஒரு லாரி நின்றால், அது சும்மாவா நிற்கும் என்றுதான் யாருக்கும் தோன்றும். சும்மாதான் நிற்கிறது. எதை வைத்துத் தள்ளினாலும் நகராது. 2004-இல் வந்த ஃபயர்ரெட் பதிப்பில் அந்த லாரிக்குப் பக்கத்தில் ஒரு லாவா குக்கியை ஒளித்து வைத்தார்கள். இந்த வதந்தி விளையாட்டைத் தயாரித்தவர்களின் காதுக்கும் போயிருக்கிறது என்றே நினைக்கிறேன்.

இந்தக் கதை அத்தனை ஊர்களில் நம்பப்பட்டதற்குக் காரணம் உண்டு. விளையாட்டு பதிந்திருக்கும் அந்த கேட்ரிட்ஜுக்குள் மியூ நிஜமாகவே இருந்தது. கேம் ஃப்ரீக் நிறுவனத்தின் ரெட், கிரீன் பதிப்புகள் 1996 பிப்ரவரி 27 அன்று ஜப்பானில் வெளியாயின. கேட்ரிட்ஜில் இடமே இல்லாத நிலை. வேலை முடியும் தறுவாயில், பிழை பார்க்க வைத்திருந்த கருவிகளை நீக்கியபோது சுமார் 300 பைட் காலியானது. புரோகிராமர் ஷிகெகி மோரிமோட்டோ அந்தச் சந்தில் 151-ஆவது உயிரியாக மியூவைச் சொருகினார். இன்றைய யூனிகோடு கணக்கில் 300 பைட்டில் இரண்டு திருக்குறள் அடங்கும், அவ்வளவுதான். விளையாட்டின் எந்தக் காட்டிலும் குகையிலும் மியூ தென்பட வழி வைக்கவில்லை. சில மாதங்களிலேயே ‘கோரோகோரோ’ சிறுவர் இதழ் மியூவைப் பரிசாக அறிவித்தது. பரிசு 20 பேருக்கு. விண்ணப்பித்தவர்கள் 78,000-க்கும் மேல்.

அன்றிலிருந்து இன்றுவரை அரிய போகிமான் என்றாலே ‘ரேர்’ என்ற ஒரே சொல்லைப் போட்டுவிடுகிறோம். அதனால் முக்கியமான ஒன்று மறைந்துபோகிறது. ஒரு உயிரியை மூன்று விதமாக ஒளிக்கலாம். நிறுவனம் தன் சாவியைக் கொடுத்தால்தான் திறக்கும் கதவுக்குப் பின்னால் வைக்கலாம். யோசித்தால் திறக்கும் புதிருக்குப் பின்னால் வைக்கலாம். அல்லது தாயக்கட்டையை உருட்டி, விழுந்தால் உண்டு, விழாவிட்டால் இல்லை என்று விட்டுவிடலாம். டோக்கியோவில் இருக்கிற பையனுக்கு இந்த மூன்றும் ஏறத்தாழ ஒன்றுதான். மதுரை செல்லூரில் இருக்கிற பையனுக்கு அப்படி இல்லை. புதிரும் தாயமும் அவனுக்கும் பொது. சாவி அவன் ஊருக்கு வரவே இல்லை.

சாவி என்று சொல்வதை விளக்க வேண்டும். மியூவுக்குப் பிறகு வந்த செலெபி, டியாக்சிஸ், டார்க்ராய், ஷேமின் போன்றவற்றை ‘மித்திக்கல்’ என்ற தனி வகையாக வைத்தார்கள். அவற்றுக்கான தீவும் பாட்டும் சண்டைக் காட்சியும் கேட்ரிட்ஜிலேயே உண்டு. அங்கே போக ஒரு டிக்கெட் வேண்டும். ஃபயர்ரெட், எமரால்டில் டியாக்சிஸ் இருக்கும் பர்த் ஐலண்டுக்கு ‘அரோரா டிக்கெட்’; எமரால்டில் மியூ இருக்கும் ஃபாரவே ஐலண்டுக்கு ‘ஓல்டு சீ மேப்’. இவற்றை நிறுவனம் நடத்தும் நிகழ்ச்சிகளில், குறிப்பிட்ட கடைகளில், குறிப்பிட்ட நாட்களில் கருவியை நேரில் கொண்டுபோய் வாங்க வேண்டும். ஓல்டு சீ மேப் ஜப்பானில் மட்டும்தான் கொடுக்கப்பட்டது. 2006 செப்டம்பரில் அமெரிக்காவின் டாய்ஸ் ஆர் அஸ் கடைகளில் மியூவையே கொடுத்தார்கள். டவுன்ஹால் ரோட்டிலும் மீனாட்சி பஜாரிலும் அட்டை ஒட்டிய கள்ள கேட்ரிட்ஜ் வாங்கியவனுக்கு, பிரவுசிங் சென்டரில் மணிக்கணக்கில் காசு கொடுத்து விளையாடியவனுக்கு இப்படி ஒரு டிக்கெட் இருப்பதே தெரியாது. கப்பல்காரன் "டிக்கெட் இல்லை" என்று சொல்வதற்குக்கூட அவனிடம் கேட்கும் வாய்ப்பு வராது. அந்தத் தீவின் பெயரே பட்டியலில் தோன்றாது.

எனவே நம் ஊரில் மியூவைப் பார்த்தவர்களில் பெரும்பாலோர் சீட் கோடு போட்டுத்தான் பார்த்தார்கள். போனில் எமுலேட்டரைத் திறந்து, இரண்டு மூன்று வரி எண்களை அடித்து, புல்லுக்குள் இறங்கினால் மியூ வந்து நிற்கும். எறிந்தால் எந்த உயிரியும் தப்பாத ‘மாஸ்டர் பால்’ பந்தும் கோடிலேயே எடுத்ததுதான். பிடித்தாயிற்று. அதற்கு அப்புறம் நடப்பதுதான் பலருக்குப் புரியாத புதிராக இருந்தது. சண்டையில் மியூ சொல் பேச்சு கேட்காது. அடிக்கச் சொன்னால் வேறு பக்கம் பார்க்கும், தூங்கும். உயிரிகளை அடங்க வைக்கும் எட்டு பேட்ஜும் வாங்கியிருந்தாலும் கதை அதேதான். "கோடு தப்பு, வேற கோடு போடணும்" என்று பையன்கள் தேடி அலைவார்கள்.

கோடில் தப்பில்லை. ஃபயர்ரெட், எமரால்டு தலைமுறை விளையாட்டுகளில் மியூவுக்கும் டியாக்சிஸுக்கும் மட்டும் தனியாக ஒரு குறி உண்டு. முறையான நிகழ்ச்சியில் வந்ததா, டிக்கெட் வைத்துப் போன தீவில் பிடிக்கப்பட்டதா என்பதைக் காட்டும் ஒற்றைக் குறி அது. அது இல்லாமல் புல்லில் பிடித்த மியூ, பார்க்க அசல் மியூதான். எஜமானுக்கு மட்டும் அடங்காது. பூட்டை உடைத்து உள்ளே போனவனையும் உள்ளே ஒருவர் நின்று அடையாள அட்டை கேட்கிறார். கோடு தாறுமாறாகப் போய் உயிரியின் தரவே கெட்டுவிட்டால், சரிபார்ப்புக் கூட்டல் பொருந்தாமல் ‘பேட் எக்’ என்ற முட்டை பெட்டியில் வந்து உட்காரும். அது பொரிக்காது, விடுவிக்கவும் முடியாது.

சீட் கோடை நான் பாவமாகப் பார்க்கவில்லை. வேறு வழியே வைக்காதவர்களிடம் வாசலில் நின்று கெஞ்ச வேண்டும் என்று எந்தப் பையனிடமும் சொல்ல முடியாது. ஆனால் கோடு போட்டவனுக்கு விளையாட்டைப் பற்றி ஒரு துளிகூடப் புதிதாகத் தெரியவில்லை என்பது எனக்கு உறுத்தும். அதே மியூவை எடுக்க இன்னொரு வழி இருந்தது. அது விளையாட்டின் எலும்பையே எண்ணிக் காட்டும் வழி.

முதல் பதிப்புகளில் உள்ள அந்தக் கிளிட்ச், அதாவது நிரல் பிழை, 2003 வாக்கில்தான் பரவலாகத் தெரியவந்தது. செருலியன் நகருக்கு வடக்கே, ரூட் 24-இல் புல்லுக்குள் ஒரு பயிற்சியாளர் நிற்பார். அவர் நம்மைப் பார்க்கும் அந்தக் கணத்தில் ஸ்டார்ட் பட்டனைத் தட்டி மெனுவைத் திறந்து, அப்ரா என்ற உயிரியின் இடம் தாவும் வித்தையான ‘டெலிபோர்ட்’டால் நழுவிவிட வேண்டும். அவர் தலைக்கு மேல் ஆச்சரியக்குறி வரும்; நாம் அங்கே இருக்க மாட்டோம். விளையாட்டு இப்போது ஒரு சண்டை பாக்கி இருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறது. அடுத்து ரூட் 25-இல் ஸ்லோபோக் வைத்திருக்கும் ஒரு பையனோடு சண்டை போட வேண்டும், அவனே நடந்து நம்மிடம் வரும்படி. முடிந்ததும் மறுபடியும் டெலிபோர்ட் செய்துவிட்டு ரூட் 24 பக்கம் நடந்தால், மெனு தானாகத் திறக்கும். அதை மூடினால் 7-ஆம் லெவல் மியூ.

ஏன் மியூ? பாக்கிச் சண்டையில் எதிரே யாரை நிறுத்துவது என்று விளையாட்டுக்குத் தெரியவில்லை. நினைவகத்தில் ஓர் இடத்தைப் பார்க்கிறது. அங்கே கடைசியாகச் சண்டை போட்ட உயிரியின் ‘ஸ்பெஷல்’ மதிப்பு மிச்சமாகக் கிடக்கிறது. அந்தப் பையனின் ஸ்லோபோக்குக்கு அது 21. உயிரிகளின் உள்வரிசைப் பட்டியலில் 21-ஆம் இடத்தில் இருப்பது மியூ. இடத்தை மாற்றிச் சண்டை போட்டால் வேறு உயிரி வரும். சின்னபார் தீவுக் கரையில் வரும் ‘மிஸ்ஸிங்நோ’ என்ற சிதைந்த உருவமும் இதே குணத்தில் பிறந்ததுதான்: விரிடியன் நகரக் கிழவர் பிடித்துக் காட்டும் பாடத்தின்போது நம் பெயரை ஒதுக்கி வைக்க இடம் தேடி, காட்டு உயிரிகளின் பட்டியல் இருக்கும் இடத்தில் வைத்துவிடுகிறது விளையாட்டு. பிறகு கரையோரத்தில் அந்தப் பெயரின் எழுத்துகளையே உயிரிகளாக வாசிக்கிறது. ஒரு எண்ணுக்குச் சொந்த அர்த்தம் கிடையாது, எங்கே நின்று வாசிக்கிறோமோ அதுதான் அர்த்தம் என்பதைப் பத்து வயதில் இவ்வளவு தெளிவாகச் சொல்லித் தரும் பாடம் வேறு எதுவும் எனக்குத் தெரியாது.

புதிருக்குப் பின்னால் ஒளிப்பதில் ரூபி, சஃபையர் பதிப்புகளை (2002) இன்னும் எதுவும் மிஞ்சவில்லை. ரெஜிராக், ரெஜிஐஸ், ரெஜிஸ்டீல் என்ற மூன்று கல், பனி, எஃகு உருவங்கள். மூன்றும் மூடிய குகைகளுக்குள். திறக்கும் வழி கடலுக்கு அடியில். ரூட் 134-இன் நீரோட்டம் நம்மை இழுத்துக்கொண்டு போகும் போக்கில், சரியான இடத்தில் முங்கினால் ஓர் அறை. சுவரெல்லாம் பிரெயில் புள்ளிகள். விளையாட்டு ஒரு வார்த்தை விளக்கம் சொல்லாது. அசல் பெட்டியோடு வந்த கையேட்டில் பிரெயில் அட்டவணை அச்சாகியிருந்தது. நம்மிடம் இருந்த கள்ளப் பிரதிக்குக் கையேடு ஏது?

நோட்டின் கடைசிப் பக்கத்தில் புள்ளிகளை அப்படியே வரைந்துகொண்டு போய், வேறெங்காவது அட்டவணை தேடி, எழுத்தெழுத்தாக ஒப்பிட்டவர்கள் உண்டு. முதல் அறையில் "இங்கே தோண்டு" என்று வரும்; ‘டிக்’ வித்தையைப் போட்டால் சுவரில் வழி பிறக்கும். உள்ளறையில் "முதலில் ரெலிகாந்த், கடைசியில் வெய்ல்லார்ட்" என்று இருக்கும். நம் அணியில் முதல் இடத்தில் ரெலிகாந்த் என்ற அந்தப் பழங்கால மீனையும் கடைசி இடத்தில் வெய்ல்லார்ட் என்ற அந்தத் திமிங்கலத்தையும் வைத்துக்கொண்டு சுவரைப் படித்தால் நிலம் அதிரும். தொலைவில் மூன்று கதவுகள் திறக்கும். வெய்ல்மர் 40-ஆம் லெவலில்தான் வெய்ல்லார்ட் ஆகும். ரெலிகாந்த் கடலடிப் பாசிக்குள் 20-க்கு 1 வீதத்தில்தான் வரும். எமரால்டில் வரிசையைத் தலைகீழாக்கிவிட்டார்கள். ரூபியில் படித்த அண்ணன் சொன்னதை அப்படியே செய்த தம்பிக்கு எமரால்டில் எதுவும் திறக்காது.

திறந்த மூன்று குகைகளுக்குள்ளும் மறுபடி பிரெயில். ரெஜிஐஸின் அறையில் எழுதியிருப்பதன் சாரம்: நில், காத்திரு, நேரம் இரண்டு முறை கடக்கட்டும். அதாவது இரண்டு நிமிடம் எந்தப் பட்டனையும் தொடக் கூடாது. பொறுமை இல்லாமல் ஒரு பட்டனைத் தட்டினால் கணக்கு கெட்டுவிடும். சும்மா இருப்பதையே விடையாக வைத்த புதிர் இது. எமரால்டில் அதையும் மாற்றி, சுவரை ஒட்டியபடி அறையைச் சுற்றி ஓட வைத்தார்கள். எனக்கு ரூபியின் இரண்டு நிமிடம்தான் உயர்வாகத் தெரிகிறது.

மதுரையைச் சுற்றியுள்ள குன்றுகளை அறிந்தவர்களுக்கு இந்த அறைகள் கொஞ்சம் அதிகமாகவே பிடித்துப்போகும். மாங்குளம், ஆனைமலை, அரிட்டாபட்டி, திருப்பரங்குன்றம் குகைத்தளங்களில் தமிழ் பிராமி எழுத்துகள் அப்படித்தான் பாறை விளிம்பில் காத்துக் கிடந்தன. மாங்குளம் கல்வெட்டுகளை ராபர்ட் சீவல் 1882-இல் கண்டார். அந்த எழுத்துகளில் இருப்பது தமிழ் என்பதை கே.வி. சுப்பிரமணிய ஐயர் எடுத்துச் சொன்னது 1924-இல். பார்த்தவர்கள் பலர், படித்தவர் பிறகு வந்தார். ரெஜி அறையின் முன் நிற்கும் பையனுக்குக் கிடைப்பது அந்த அனுபவத்தின் ஒரு துளி. சாவியை யாரும் கையில் கொடுக்க வேண்டியதில்லை. எழுத்தைக் கற்றால் போதும். கோச்சடையில் இருந்து படித்தாலும் ஒசாகாவில் இருந்து படித்தாலும் கதவு ஒன்றாகவே திறக்கும்.

இடத்தையே பூட்டாக்கிய விளையாட்டு, நிஜத் தெருக்களில் நடந்து போனில் ஆடும் போகிமான் கோ. 2016 ஜூலையில் வெளிநாடுகளில் வந்தது. இந்தியாவில் அதே ஆண்டு டிசம்பரில் ஜியோவோடு சேர்ந்து முறையாக வந்தது. அதற்கு முன்பே ஏபிகே கோப்பை இறக்கி விளையாடியவர்கள் இங்கே ஏராளம். இந்த விளையாட்டில் பொருள் எடுக்கும் போகிஸ்டாப்களும் சண்டை போடும் ஜிம்களும் நிஜ உலகின் சிலை, கோயில், பூங்கா, பழைய கட்டடங்களின் மேல் அமர்ந்திருக்கும். ஆகவே கோபுரங்கள் அடர்ந்த ஊர்களுக்கு யோகம். உசிலம்பட்டிக்கு அந்தப் பக்கம் ஒரு கிராமத்தில் இருப்பவருக்குப் பேருந்து ஏறி வந்தால்தான் விளையாட்டு. எந்த ஊரில் பிறந்தோம் என்பதே அரிதுக்கான அளவுகோலாகிவிடுகிற இந்த அமைப்பை என்னால் முழுமனதோடு ஏற்க முடியவில்லை.

வழிபாட்டுத் தலங்களுக்குள் விளையாட்டின் முட்டைகள் கிடைப்பதை எதிர்த்து 2016 செப்டம்பரில் குஜராத் உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்கே போடப்பட்டது. மதுரையில் வேறு காரணத்தால் கோயிலுக்குள் ஆட்டம் நின்றது. 2018 பிப்ரவரி 2 அன்று மீனாட்சியம்மன் கோயில் வீரவசந்தராயர் மண்டபத்தில் தீப்பிடித்த பிறகு, உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவால் கோயிலுக்குள் செல்போன் தடை செய்யப்பட்டது. இப்போது சித்திரை வீதிகளில் நின்றுதான் திரையைத் தடவ முடியும். நம்மைச் சுற்றி எட்டும் வட்டத்தின் ஆரம் முன்பு 40 மீட்டர். கொரோனா காலத்தில் 80 ஆக்கி, எதிர்ப்புக்குப் பிறகு 2021-இல் நிரந்தரமாக்கினார்கள். கோயில் வளாகம் ஒரு பக்கத்துக்குச் சுமார் 250 மீட்டர். நான்கு சித்திரை வீதிகளில் எங்கே நின்றாலும் நடுப்பகுதி 120 மீட்டருக்கு மேல் தள்ளி இருக்கும். மதிலை ஒட்டியவை கைக்கு எட்டும், கருவறைப் பக்கம் எதுவும் எட்டாது. சாமி கும்பிடுகிறவர்களுக்கு இதுதான் நிம்மதி. எனக்கும் இதில் குறையில்லை.

இன்னொன்று. 2017 கடைசியிலிருந்து இந்த விளையாட்டு தன் உலகத்தை ஓப்பன்ஸ்ட்ரீட்மேப் வரைபடத்தை வைத்து வரைகிறது. வைகையில் தண்ணீர் ஓடுகிறதா, மாடு மேய்கிறதா என்று அது எட்டிப் பார்ப்பதில்லை. வரைபடத்தில் ஆறு என்று குறித்திருந்தால் திரையில் நீலம்தான். ஏ.வி. பாலத்தில் நின்று கீழே மணலும் கருவேலமும் பார்த்துக்கொண்டே திரையில் நிறைந்த ஆற்றைப் பார்க்கலாம்.

சில உயிரிகளைக் கண்டம் வாரியாகப் பிரித்து வைத்ததும் இதில்தான். ஃபார்ஃபெட்ச் கிழக்காசியாவுக்கு, கங்காஸ்கான் ஆஸ்திரேலியாவுக்கு, டாரோஸ் வட அமெரிக்காவுக்கு. இதில் நமக்கும் பங்கு உண்டு: மூன்று ஏரி உயிரிகளில் மெஸ்பிரிட் ஐரோப்பாவோடும் ஆப்பிரிக்காவோடும் சேர்த்து இந்தியாவுக்கு ஒதுக்கப்பட்டது. டோர்கோல் என்ற நிலக்கரி ஆமை நம் பக்கம் சாதாரணம். அமெரிக்காவில் இருப்பவருக்கு அது பெரிய விஷயம். கோர்சோலா வெப்பமண்டலக் கடலோரத்தில் வரும் என்பதால் மதுரைக்காரர்கள் ராமேஸ்வரம் போகும்போது போனைத் திறந்து வைத்துக்கொள்வார்கள். அரிது என்பது உயிரியின் குணம் அல்ல, பார்ப்பவர் நிற்கும் இடத்தின் குணம் என்று இதைவிட வெளிப்படையாகத் தெரிவதில்லை.

மியூ விஷயத்தில் நான் போகிமான் கோவுக்கு நன்றி சொல்வேன். 2018 மார்ச் கடைசியில் அதை ஆய்வுப் பணிகளின் முடிவில் எல்லோருக்கும் வைத்தார்கள். இதழ் குலுக்கல் கிடையாது, டாய்ஸ் கடை கிடையாது. மாஜிகார்ப் என்ற மீனை கியாராடோஸ் ஆக்க வேண்டும், அதற்கு அந்த மீனைப் பிடித்துப் பிடித்துச் சேர்க்கும் 400 மிட்டாய். வேறு உயிரியின் வேஷத்தில் திரியும் ஒரு டிட்டோவைப் பிடிக்க வேண்டும். நடந்தால் முடிகிற வேலை. 1996-இல் 20 பேருக்குக் கிடைத்தது, 22 வருடம் கழித்து தெப்பக்குளத்தைச் சுற்றி நடந்த பையனுக்கும் கிடைத்தது. எதிர்ப்பக்கத்துக்கு ஆர்சியஸ் என்ற உயிரி உதாரணம். 2006-இல் வந்த டைமண்ட், பேர்ல் பதிப்புகளில் அதைச் சந்திக்க ‘அஸூர் ஃப்ளூட்’ என்ற குழலும் அதற்கான காட்சியும் உள்ளே முழுசாக எழுதப்பட்டிருந்தன. விளையாடுவோர் குழம்புவார்கள் என்று சொல்லி அந்தக் குழலை உலகில் ஒருவருக்கும் கொடுக்கவில்லை. 2014 மே மாதம் நிண்டெண்டோ டிஎஸ் கருவிகளுக்கான வைஃபை சேவையை நிறுத்தினார்கள். 2024 ஏப்ரலில் 3டிஎஸ்ஸுக்கும். அந்த வழியாக வந்த பரிசுகளெல்லாம் அத்தோடு முடிந்தன. பழைய பரிசுத் தரவுகளைச் சேர்த்து வைத்து, சொந்த சர்வரில் இருந்து டிஎஸ் கருவிகளுக்கு மறுபடி அனுப்புகிற ரசிகர்கள் இருக்கிறார்கள். அவர்கள் செய்வது நல்ல காரியம்.

மிச்சம் இருப்பது தாயம். ஷைனி எனப்படும் நிறம் மாறிய உயிரிகள் 1999-இல் கோல்டு, சில்வரோடு வந்தன. வாய்ப்பு 8192-க்கு 1. 2013-இல் எக்ஸ், வை பதிப்புகளில் 4096-க்கு 1 ஆக்கினார்கள். வெவ்வேறு மொழிப் பதிப்புகளில் பிடித்த இரண்டை ஜோடி சேர்த்து முட்டை எடுத்தால் அது சுமார் 683-க்கு 1 வரை இறங்கும். 8192 முறை பார்த்தால் கட்டாயம் ஒன்று வந்துவிடும் என்று நம்புகிறவர்கள் அதிகம். வராது. அத்தனை முறை பார்த்தவர்களில் நூற்றுக்கு 63 பேருக்குத்தான் ஒன்றாவது வந்திருக்கும். 37 பேர் வெறுங்கையோடு நிற்பார்கள். நூற்றுக்கு 95 பேருக்கு வர வேண்டுமென்றால் ஏறக்குறைய 24,500 முறை. போன தடவை வராததற்கும் அடுத்த தடவைக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை.

ரூபி காலத்தில் இதற்குள் இன்னொரு நுணுக்கம் சேர்ந்தது. விளையாட்டு தொடங்கும்போதே நமக்கு ஓர் அடையாள எண்ணும், கண்ணுக்குத் தெரியாத ரகசிய எண்ணும் கிடைக்கும். உயிரிக்கும் ஓர் எண். இந்த மூன்றும் பொருந்துகிற விதத்தில்தான் நிறம் முடிவாகும். என் புல்லில் சாதாரணமாக வந்த அதே உயிரி, அதே எண்ணோடு உங்கள் விளையாட்டில் வந்திருந்தால் ஷைனியாக இருக்கலாம். போகிமான் கோவிலும் நிறம் ஆளுக்கு ஆள்தான்: ராஜாஜி பூங்காவில் பக்கத்துப் பக்கத்தில் நிற்கும் இருவர் ஒரே உயிரியைத் தொட்டால் ஒருவருக்கு மின்னும், மற்றவருக்கு மின்னாது. சாதாரண நாட்களில் இது 500-க்கு 1 அளவில் இருப்பதாக விளையாடுவோர் கூட்டாக எண்ணிக் கண்டிருக்கிறார்கள்.

ஃபீபாஸ் தாயமும் புதிரும் கலந்தது. ரூட் 119 ஆற்றில் நானூற்றுக்கும் மேற்பட்ட நீர்க்கட்டங்களில் ஆறே ஆறு கட்டங்களில் மட்டும் அந்த மீன் கிடைக்கும். எந்த ஆறு கட்டங்கள் என்பதை டியூஃபோர்ட் ஊரில் அப்போது புழங்கும் ‘டிரெண்டி’ சொற்றொடர் தீர்மானிக்கும். கட்டம் கட்டமாகத் தூண்டில் போடுவதைத் தவிர வழியில்லை; சரியான கட்டத்தில் பாதிக்குப் பாதி சிக்கும், ஆகவே ஒரு கட்டத்தில் ஏழெட்டு முறை மீன் சிக்கியும் ஃபீபாஸ் வராவிட்டால் நகர்ந்துவிடலாம்.

பிடிக்கும்போது பந்து ஆடுகையில் பி பட்டனை அழுத்திப் பிடிப்பதும், கீழ்ப் பட்டனையும் சேர்த்து அழுத்துவதும் மதுரை முழுக்க நம்பப்பட்ட வித்தை. கணக்கில் பட்டனுக்கு இடமே கிடையாது. லெஜண்டரி எனப்படும் மிக வலிய உயிரிகளில் பெரும்பாலானவற்றின் பிடிபடும் மதிப்பு 3. உச்ச மதிப்பு 255. முழு ஆரோக்கியத்தோடு நிற்கும்போது சாதாரணப் பந்து எறிந்தால் வாய்ப்பு நூற்றுக்கு அரைகூட இல்லை. உயிரை ஒரு கோட்டுக்கு இறக்கி, தூங்க வைத்து, அதைவிட வலுவான அல்ட்ரா பால் பந்தை எறிந்தால் நூற்றுக்கு ஐந்தை ஒட்டி வரும். தூக்கம் இரட்டிப்பாக்குகிறது, பக்கவாதம் ஒன்றரை மடங்குதான். ஆனால் தூக்கம் கலையும், பக்கவாதம் கலையாது. சண்டை 30 சுற்றைத் தாண்டினால் டைமர் பால் நான்கு மடங்கு. எமுலேட்டரில் சேவ் ஸ்டேட் வைத்து விளையாடுகிறவர்கள் கவனிக்க வேண்டியது: சேமித்த நிலையில் தற்செயல் எண்ணும் சேர்ந்தே சேமிக்கப்படுகிறது. மீண்டும் திறந்து அதே கணத்தில் எறிந்தால் அதே முடிவுதான். ஒவ்வொரு முறையும் ஒன்றிரண்டு நொடி வித்தியாசம் விட்டு எறிய வேண்டும்.

ஃபயர்ரெட்டில் இப்போது இருப்பவர்களுக்கு ஒன்று. கடைசிச் சவாலான எலைட் ஃபோர் நால்வரை வென்று, தீவுகளின் வேலையை முடித்த பிறகு ஒரு மிருகம் நாடு முழுக்கத் திரியத் தொடங்கும். முதலில் பல்பசாரை எடுத்தவருக்கு என்டெய், சார்மாண்டருக்கு சூய்கூன், ஸ்குவர்ட்டிலுக்கு ரைகூ. ரைகூவும் என்டெயும் ‘ரோர்’ போடும். அந்தப் பதிப்பில் உள்ள பிழையால், ரோர் போட்டு ஓடினால் அது அந்த விளையாட்டிலிருந்தே காணாமல் போய்விடும். சேவ் செய்துவிட்டால் திரும்ப வராது. மாஸ்டர் பால் ஒன்றே ஒன்றுதான் கிடைக்கும். அதை மியூட்டூ என்ற லெஜண்டரி மேல் எறியாதீர்கள். மியூட்டூ செருலியன் குகையில் நிற்கும் இடத்தை விட்டு எங்கும் போகாது. எதிரே நின்று சேவ் செய்துவிட்டு, பிடிபடும்வரை எத்தனை முறை வேண்டுமானாலும் அல்ட்ரா பாலோடு போகலாம்.